ஒரு றாத்தல் பாண்

(திண்டுக்கல் வட்டாரத்தில் நடந்த குறுவள மையக் கூட்டம் ஒன்றில் அறிவியல் ஆசிரியர்களிடையே ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



'நுண்ணுயிரிகள் பாடத்தில் செயல்பாடுகள்' என்ற தலைப்பில் பேசச் சொல்லியிருக்கிறார்கள். செயல்பாடுகள் என்று பன்மையில் இருக்கிறது. நான் ஒன்றே ஒன்றைப் பற்றித்தான் பேசப் போகிறேன். மைதா, தண்ணீர், உப்பு, ஈஸ்ட் இவற்றை வைத்து வெள்ளை ரொட்டி சுடுவது. கடையில் 'பிரெட்' என்று கேட்டு வாங்குகிறோமே, அதுதான். எங்கள் வீட்டில் அதற்குப் பாண் என்று பெயர். அந்தப் பெயருக்குப் பின்னால் ஒரு கதை இருக்கிறது, அதற்குப் பிறகு வருகிறேன்.

ஈஸ்டின் பயன் யாது என்று எட்டாம் வகுப்பில் கேட்டுப் பாருங்கள். 'ரொட்டி தயாரிக்கப் பயன்படுகிறது' என்று நாற்பது பிள்ளைகளும் எழுதிவிடுவார்கள். முழு மதிப்பெண். ஆனால் ஈஸ்டைப் பார்த்தவர்கள் எத்தனை பேர்? நம் ஊர்ப் பிள்ளைகளுக்குப் பரோட்டா மாவைத் தெரியும், இட்லி மாவு பொங்கி அடுக்களை மேடையில் வழிவதைத் தெரியும். ரொட்டி என்பது காய்ச்சல் வந்தால் பாலில் தொட்டுச் சாப்பிடுவது, ஆஸ்பத்திரியில் யாரையாவது பார்க்கப் போகும்போது ஆரஞ்சுப் பழத்தோடு வாங்கிப் போவது. அது எப்படி அவ்வளவு இலேசாக, உள்ளே அத்தனை ஓட்டைகளோடு இருக்கிறது என்று அவர்களை யாரும் கேட்டதில்லை. கேட்காத கேள்விக்கு விடை எழுதப் பழக்கிவிட்டோம் என்பது என் வருத்தம்.

இனி எங்கள் வீட்டுக் கதை. என் அம்மாவைப் பெற்ற தாத்தா இலங்கை மலையகத்தில் அட்டன் நகரத்து பேக்கரி ஒன்றில் மாவு பிசையும் வேலை பார்த்தவர். 1964 அக்டோபர் 30 அன்று இலங்கைப் பிரதமர் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் நம் பிரதமர் லால் பகதூர் சாஸ்திரியும் செய்துகொண்ட ஒப்பந்தம் உங்களில் சமூக அறிவியல் எடுப்பவர்களுக்குத் தெரிந்திருக்கும். அதன்படி 5,25,000 பேர் இந்தியாவுக்கு என்றும் 3,00,000 பேருக்கு அங்கே குடியுரிமை என்றும் முடிவாயிற்று. தோட்டத்து மக்களை யாரும் கேட்கவில்லை. எங்கள் குடும்பம் எழுபதுகளில் தலைமன்னாரில் கப்பலேறி, இராமேஸ்வரம் வந்து, மண்டபம் முகாமில் சில காலம் இருந்து, பிறகு திண்டுக்கல்லுக்கு வந்தது. இங்கே தாத்தாவுக்கு நூற்பாலையில் வேலை கிடைத்தது. மாவு பிசைந்த கைக்கு நூல் கண்டு.

அவர் கொண்டுவந்த சாமான்களில் இப்போது எதுவும் இல்லை. மிஞ்சியது பாண் செய்முறை. அதுவும் தாத்தாவிடம் இல்லை, அம்மாயியிடம் மிஞ்சியது. பேக்கரியில் தாத்தா செய்ததை வீட்டு அடுப்புக்கு ஏற்றவாறு மாற்றிக்கொண்டவர் அவர்தான். ஒரு பெரிய அலுமினியக் குண்டானில் இரண்டு விரற்கடை உயரத்துக்கு ஆற்று மணல். அதன்மேல் ஒரு இரும்பு வளையம். வளையத்தின்மேல் எண்ணெய் தடவிய பால்மாவு டப்பா, அதற்குள் உப்பிய மாவு. குண்டானைத் தட்டால் மூடி, தட்டின்மேல் கங்குகளை அள்ளிப் போடுவார். கீழே விறகு, மேலே கங்கு. இலங்கைத் தமிழில் பேக்கரி அடுப்புக்குப் 'போறணை' என்று பெயர். எங்கள் குண்டானையும் அம்மாயி போறணை என்றே சொல்லுவார். பால்மாவு டப்பாவில் வெந்ததால் எங்கள் பாண் உருண்டையாக, தூண் மாதிரி இருக்கும். சதுர ரொட்டியை நான் முதலில் பார்த்தது கடையில்தான்.

அம்மாயியின் செய்முறையில் கிராம் கிடையாது, நிமிடமும் கிடையாது. "எவ்வளவு நேரம் ஊறணும் அம்மாயி?" என்று கேட்டால், "மாவு சொல்லும்" என்பார். விரலை மாவில் அரை அங்குலம் அழுத்தி எடுப்பார். குழி சட்டென்று மேலே வந்துவிட்டால் இன்னும் ஆகவில்லை. மெதுவாக, அரைகுறையாக மேலே வந்து ஒரு தழும்பு மட்டும் நின்றால் சரி. குழி அப்படியே கிடந்தால் பொழுது தவறிவிட்டது, மாவு தளர்ந்துவிட்டது, மறுபடி பிசைய வேண்டும்.

இதைத்தான் நம் ஊரில் பதம் என்கிறோம். பாகில் கம்பிப்பதம், முத்துப்பதம் என்று சொல்லும்போது சர்க்கரைக் கரைசலின் செறிவைத்தான் சொல்லுகிறார்கள், கருவி இல்லாமல். பதம் என்பதை 'பாட்டி வைத்தியம்' போல ஓரமாக வைத்துவிட்டு, 'நாம் அறிவியல் முறையில் செய்வோம்' என்று வகுப்பில் தொடங்குவது எனக்கு உடன்பாடில்லை. விரல் குழி ஒரு அளவீடு. அது எதை அளக்கிறது என்று கண்டுபிடிப்பதுதான் பாடம்.

நான் வகுப்பில் செய்வது இதுதான். அளவை முதலில் சொல்லிவிடுகிறேன், எழுதிக்கொள்ளுங்கள். மைதா 300 கிராம். தண்ணீர் 186 கிராம், அதாவது 186 மில்லிலிட்டர். உப்பு 6 கிராம், சர்க்கரை 6 கிராம், உலர்ந்த உடனடி ஈஸ்ட் 3 கிராம், தேங்காய் எண்ணெய் 9 கிராம். எண்ணெய் எதுவானாலும் சரி, தேங்காய் எண்ணெய் எங்கள் வீட்டு மணம். எல்லாவற்றையும் சேர்த்து, பத்துப் பன்னிரண்டு நிமிடம் நன்றாகப் பிசைய வேண்டும். முதலில் கையில் ஒட்டும். பிள்ளைகள் உடனே "இன்னும் கொஞ்சம் மாவு போடலாமா டீச்சர்?" என்பார்கள். விடாதீர்கள். ஐந்தாறு நிமிடத்தில் ஒட்டுவது தானாகவே நிற்கும். ஒரு சிறு துண்டை எடுத்து இரண்டு கைகளாலும் மெல்ல விரித்தால், கிழியாமல் ஜவ்வுத்தாள் மாதிரி விரிந்து, ஜன்னல் வெளிச்சம் ஊடுருவித் தெரியும். அப்போது பிசைந்தது போதும்.

அந்த ஜவ்வு என்ன? இதற்கு ஒரு தனிச் சோதனை இருக்கிறது, செலவே இல்லாதது. எலுமிச்சை அளவு மைதா உருண்டையை அரை மணி நேரம் தண்ணீரில் போட்டுவிட்டு, பிறகு குழாயடியில் பிசைந்து கழுவச் சொல்லுங்கள். பால் போல மாவுச்சத்து கரைந்து போகும். கடைசியில் கையில் மஞ்சள் கலந்த சாம்பல் நிறத்தில் ஒரு ரப்பர் மிஞ்சும். "சூயிங்கம்!" என்று கத்துவார்கள். அதுதான் குளூட்டன் என்ற புரதம். கோதுமையில் இருக்கும் இரண்டு புரதங்கள், கிளையடினும் குளூட்டெனினும், தண்ணீரோடு சேர்ந்து பிசையப்படும்போது உண்டாகிற வலை. அடுத்து அரிசி மாவு உருண்டையை அதேபோல் கழுவச் சொல்லுங்கள். கையில் ஒன்றும் மிஞ்சாது. கேழ்வரகும் அப்படித்தான். இப்போது பிள்ளைகள் இட்லியைப் பற்றிக் கேட்பார்கள், அரிசியில் இந்த வலை இல்லையென்றால் இட்லி எப்படி உப்புகிறது என்று. கேட்காவிட்டால் நீங்கள் கேளுங்கள். உளுந்து அரைக்கும்போது வருகிற நுரையும் அதன் வழவழப்பும் அங்கே வலையின் வேலையைச் செய்கின்றன. வாயுவை உண்டாக்குவதும் அங்கே பெரும்பாலும் ஈஸ்ட் அல்ல, லியூக்கோனோஸ்டாக் போன்ற பாக்டீரியாக்கள். அதனால்தான் இட்லி மாவு புளிக்கிறது, பாண் மாவு அவ்வளவாகப் புளிப்பதில்லை. ஒரே அடுக்களையில் இரண்டு வகை நுண்ணுயிரிகள். இதைவிடச் சுருக்கமாக அந்தப் பாடத்தை நடத்த எனக்குத் தெரியவில்லை.

மைதாவா என்று சிலர் முகம் சுளிப்பது தெரிகிறது. நார்ச்சத்து குறைந்த மாவு அது, தினமும் சாப்பிடச் சொல்லவில்லை. குளூட்டனைக் கண்ணால் பார்க்க அதுதான் வசதி. ஒரு குழுவுக்குப் பாதி மைதா, பாதி முழுக் கோதுமை மாவு கொடுத்துப் பாருங்கள், குறைவாகத்தான் உப்பும். தவிட்டுத் துகள்கள் அந்த வலையை அறுக்கின்றன. அதுவும் ஒரு பாடம்தான்.

இனி வெப்பநிலை. இதில்தான் நம் ஊருக்கென்று ஒரு விஷயம் இருக்கிறது. சமையல் புத்தகங்களில் 'மாவை ஒரு மணி நேரம் முதல் ஒன்றரை மணி நேரம் வரை உப்ப விடவும்' என்று போட்டிருக்கும். அது குளிர்ந்த ஊருக்கோ குளிரூட்டிய அறைக்கோ எழுதப்பட்டது. மலையகத்தில் தாத்தாவுக்கு அது பொருந்தியிருக்கும். சிறுமலைக்குக் கீழே, ஏப்ரல் மாதம், ஆஸ்பெஸ்டாஸ் கூரை வகுப்பறையில் பொருந்துமா? அம்மாயி திண்டுக்கல் வந்த முதல் கோடையிலேயே தன் வழக்கத்தை மாற்றிக்கொண்டதாக அம்மா சொல்லுவார். அதிகாலை நான்கு மணிக்குப் பானைத் தண்ணீரில் மாவு பிசைந்து, ஈர மணலில் பாத்திரத்தைப் புதைத்து வைப்பாராம். மார்கழியில் அதே பாத்திரம் அடுப்போரம், பழைய சேலை சுற்றி. அவரிடம் வெப்பமானி இல்லை. ஆனால் வெப்பநிலை ஒரு மாறி என்பதும் அதைக் கட்டுப்படுத்தலாம் என்பதும் தெரிந்திருக்கிறது.

இதையே சோதனையாக மாற்றினோம். நேராக நிற்கும் மூன்று கண்ணாடி டம்ளர்கள். ஒவ்வொன்றிலும் 50 கிராம் மாவு, மேற்பரப்பைச் சமமாக அழுத்தி, அந்த மட்டத்தில் வெளியே ஒரு ரப்பர் பேண்ட். ஒன்று மண்பானைக்குப் பக்கத்தில் ஈரத்துணி சுற்றி, ஒன்று வகுப்பறை மேசையில், ஒன்று வெயில் படும் வராண்டாப் படியில். ஆய்வக வெப்பமானியால் வெப்பநிலையைக் குறித்து, ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை உயரத்தை அளந்தார்கள். அன்று எங்களுக்குப் படியில் 38 டிகிரி செல்சியஸ், மேசையில் 32, பானையருகே 25. உயரம் இரு மடங்காக முறையே 35 நிமிடம், 50 நிமிடம், ஏறத்தாழ 85 நிமிடம் ஆயிற்று. உங்கள் பள்ளியில் வேறு எண்கள் வரும், வர வேண்டும். வரைபடத் தாளில் மூன்று கோடுகளையும் போட்டால், எல்லாமே முதலில் படுத்துக்கிடந்து, பிறகு எழுந்து, கடைசியில் சாய்கின்றன. எதற்காகப் படுத்துக்கிடக்கிறது என்ற கேள்வியிலேயே ஒரு பாடவேளை ஓடிவிடும்.

நான்காவது டம்ளர் ஒன்று வைத்தோம். அதில் மட்டும் ஈஸ்டை கொதிக்கும் தண்ணீரில் கலந்து, ஆறவைத்துப் பிறகு மாவு பிசைந்தது. அன்று பள்ளி விடும்வரை அது அசையவில்லை. "செத்துப்போச்சு டீச்சர்" என்றான் ஒருவன். ஈஸ்ட் உயிருள்ளது என்று புத்தகம் ஒரு வரியில் சொல்கிறது. செத்துப்போச்சு என்று அவன் வாயால் சொன்னபோதுதான் அதற்கு முன்பு உயிரோடு இருந்தது என்பது அவனுக்கு உறுதியாயிற்று என்று நினைக்கிறேன்.

இந்தச் சண்டை பத்தொன்பதாம் நூற்றாண்டில் பெரிய அறிஞர்களிடையே நடந்ததுதான். நொதித்தல் வெறும் வேதிவினையா, உயிரின் வேலையா? லூயி பாஸ்டர் 1857 முதல் தொடர்ந்து வெளியிட்ட ஆய்வுகளில் அது உயிருள்ள செல்களின் வேலை என்று நிறுவினார். 1897இல் எட்வர்ட் பூக்னர் ஈஸ்ட் செல்களை மணலோடு சேர்த்து அரைத்து, பிழிந்து, செல்லே இல்லாத சாற்றில் சர்க்கரை நொதிப்பதைக் காட்டினார். அதற்காக 1907இல் வேதியியலுக்கான நோபல் பரிசு. அப்படியானால் யார் சொன்னது சரி? இருவரும்தான். வேலை செய்பவை நொதிகள், அவற்றை உண்டாக்குவது உயிர். எட்டாம் வகுப்புக்கு இது அதிகம் என்பவர்களுக்கு ஒன்று சொல்வேன்: செத்துப்போன டம்ளரைப் பார்த்த பிள்ளைக்கு அதிகமில்லை.

பதநீரும் இங்கேதான் வர வேண்டும். நத்தம் பக்கமிருந்து வரும் பிள்ளைகளுக்குப் பனை புதிதல்ல. கலயத்தின் உள்ளே சுண்ணாம்பு தடவிக் கட்டினால் பதநீர், தடவாவிட்டால் கள். ஏன்? காற்றிலும் பாளையிலும் இருக்கும் ஈஸ்டும் பாக்டீரியாவும் அந்தக் காரத்தில் பெருக முடிவதில்லை. பழைய நாளில் இலங்கையிலும் கோவாவிலும் ரொட்டி மாவு உப்பக் கள்ளைத்தான் ஊற்றினார்கள். ஆப்பத்துக்கு நாமும் ஊற்றியவர்களே. தமிழ்நாட்டில் 1987 முதல் கள் இறக்கத் தடை. அதற்கு முன்பே அம்மாயி வேறு வழிக்கு மாறியிருந்தார். ஒவ்வொரு முறையும் பிசைந்த மாவில் ஒரு கைப்பிடி எடுத்து வைத்து, மறுநாள் மாவில் கலப்பார். அதற்கு 'உறை' என்றே பெயர், மோருக்குச் சொல்வது போல. சர்க்கரையிலிருந்து ஈஸ்ட் உண்டாக்குவது ஆல்கஹாலும் கார்பன் டைஆக்சைடும். கள்ளில் நமக்கு முதலாவது தெரிகிறது, பாணில் இரண்டாவது. பாணில் இருந்த ஆல்கஹால் வேகும்போது பெரும்பாலும் ஆவியாகிவிடுகிறது. இதைக் கேட்டதும் கடைசி பெஞ்சில் ஒரு சிரிப்பு எழும். எழட்டும், அந்த வரி மறக்காது.

அடுத்தது கணக்கு. மேலே சொன்ன அளவுகளை பேக்கரிக்காரர்கள் வேறு விதமாகச் சொல்வார்கள். மாவை 100 என்று வைத்துக்கொண்டு, மற்றவை அதில் எத்தனை சதவீதம் என்பார்கள். தண்ணீர் 62, உப்பு 2, சர்க்கரை 2, ஈஸ்ட் 1, எண்ணெய் 3. கரும்பலகையில் எழுதியவுடன் ஒரு பையன் கூட்டிவிட்டான். "டீச்சர், 170 சதவீதம் வருது. தப்பு." அந்த எதிர்ப்பைக் கேட்க எனக்கு அவ்வளவு மகிழ்ச்சி. எதன் சதவீதம் என்று கேட்காமல் சதவீதக் கணக்குப் போடுவதுதானே எட்டாம் வகுப்பு வாழ்வியல் கணிதத்தில் நாம் படும் பாடு. கூட்டினால் 100 வர வேண்டும் என்று யார் சொன்னது, எப்போது வர வேண்டும், எப்போது வேண்டாம் என்று அரை மணி நேரம் வாதிட்டார்கள்.

பிறகு எடை. 300 கிராம் மாவுக்கு மொத்தப் பிசைமாவு 510 கிராம். வெந்து ஆறியபின் நிறுத்தால் நூற்றுக்குப் பத்து, பன்னிரண்டு பங்கு குறைந்திருக்கும். போனது பெரும்பாலும் நீராவி. 12 சதவீதம் குறைந்தால் எவ்வளவு என்று கணக்கிடச் சொன்னேன். 448.8 கிராம். அதாவது 450 என்று வைத்துக்கொள்ளலாம். அதைப் பார்த்தபோதுதான், அம்மாயி ஏன் எப்போதும் அந்த ஒரே பெரிய டம்ளரால் இரண்டு டம்ளர் தலைதட்டி மாவு எடுத்தார் என்பது எனக்கு விளங்கியது. இலங்கையில் பாண் விற்பது றாத்தல் கணக்கில். ஒரு றாத்தல் என்பது ஒரு பவுண்டு, 453.6 கிராம். இன்றும் அங்கே முழுப் பாணுக்கு 450 கிராம்தான் கணக்கு. பேக்கரியில் தாத்தா கையால் நிறுத்துப் பழகிய எடையை அம்மாயி டம்ளருக்குள் அடக்கி வைத்திருந்திருக்கிறார். வீட்டுச் சமையலில் 'குத்துமதிப்பு' என்று நாம் நினைப்பவற்றை ஒருமுறை தராசில் வைத்துப் பாருங்கள். பிள்ளைகளை வைத்துப் பார்க்கச் சொல்லுங்கள். எங்கள் வகுப்பில் அதை வீட்டுப்பாடமாகக் கொடுத்தேன்: வீட்டில் அளவு சொல்லாமல் செய்யும் ஒரு பலகாரத்துக்கு அளவு எடுத்துவருவது. பணியாரம், கம்மங்கூழ், ஒருவன் மீன் குழம்பின் புளி. மூன்று நாள் தொடர்ந்து நிறுத்து, மூன்று நாளும் அம்மாவின் கை எவ்வளவு மாறுகிறது என்று சராசரி எடுத்து வந்தாள் ஒரு மாணவி. "மாறவே இல்ல டீச்சர், நாலு கிராம்தான்" என்றாள்.

இனி அந்தச் சொல்லுக்கு வருகிறேன். ஈஸ்ட் பயன்படும் உணவுகளைச் சொல்லுங்கள் என்று முதல் நாள் கேட்டபோது, மூன்று மாதமாக வகுப்பில் வாய் திறக்காத ஒரு பிள்ளை, "பாண்" என்றாள். இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாமிலிருந்து வரும் பிள்ளை. வகுப்பு சிரித்துவிட்டது. "பான் பராக்கா?" என்று ஒரு குரல். அவள் உட்கார்ந்துவிட்டாள். நம் மாவட்டத்தில் இத்தகைய குடும்பங்கள் உண்டு என்பது உங்களுக்குத் தெரியும். தோட்டனூத்தில் அவர்களுக்காக 321 வீடுகள் 2022 செப்டம்பரில் திறக்கப்பட்டன. இந்தக் குடும்பங்கள் எங்களைப் போல 1964 ஒப்பந்தத்தில் வந்தவர்கள் அல்லர், 1983க்குப் பிறகு போருக்குத் தப்பி வந்தவர்கள். பிள்ளைகள் பிறந்தது இங்கேதான். ஆனால் வீட்டுப் பேச்சு அம்மம்மாவின் பேச்சு. அது வகுப்பறை வாசலோடு நின்றுவிடுகிறது.

"எங்க வீட்லயும் அது பாண்தான்" என்றேன். அதட்டவில்லை, அறிவுரையும் சொல்லவில்லை. பாண் என்ற சொல்லைப் பலகையில் எழுதி, கீழே மேசை, ஜன்னல், சாவி, அலமாரி என்று எழுதினேன். இந்த ஐந்துக்கும் என்ன உறவு? எல்லாம் போர்த்துகீசியர் கொண்டுவந்த சொற்கள். 1505இல் அவர்கள் இலங்கைக்கு வந்தார்கள். மும்பையில் வடைக்கு வெளியே வைக்கிறார்களே, அந்தப் பாவும் இதே சொல்தான். ஜப்பானியர்களும் ரொட்டியைப் 'பான்' என்கிறார்கள், அங்கேயும் போர்த்துகீசியர் கொடுத்ததுதான். 'போறணை'யும் அதே கப்பலில் வந்தது. சிரித்த பையன், "அப்போ ஜன்னல் தமிழ் இல்லையா டீச்சர்?" என்றான். தமிழில் சாளரம் இருக்கிறது, பலகணி இருக்கிறது, ஜன்னலும் இப்போது நம்முடையதுதான் என்றேன். சொற்கள் ஊர்விட்டு ஊர் வருவதும், வந்த இடத்தில் தங்கிவிடுவதும் அன்றைக்குப் பேச்சாயிற்று. அன்று அறிவியல் பாடவேளை தமிழ்ப் பாடவேளை ஆகிவிட்டது. தமிழாசிரியர் கோபித்துக்கொள்ளவில்லை.

பாண் சுட்ட அன்று அந்தப் பிள்ளைதான் கேட்டாள்: "சம்பல் இல்லாம எப்பிடி டீச்சர் பாண் சாப்பிடுறது?" அடுத்த முறை அவள் அம்மம்மா சொன்னபடி தேங்காய், வற்றல், சின்ன வெங்காயம், உப்பு, எலுமிச்சை சேர்த்துச் சம்பல் இடித்தோம். அதன் பிறகு அவள் எல்லாப் பாடத்திலும் கை தூக்கினாள் என்று சொல்லமாட்டேன். கணக்கில் இன்னும் தயக்கம்தான். ஆனால் விரல் குழி பார்க்க வேண்டுமென்றால் வகுப்பே அவளைக் கூப்பிடும்.

இங்கே ஆசிரியர்களிடம் ஒரு வேண்டுகோள். விடைக்குறிப்பில் 'ரொட்டி' என்று இருக்கிறது. ஒரு பிள்ளை 'பாண்' என்று எழுதினால் என்ன செய்வீர்கள்? சிவப்புப் பேனாவால் சுழிக்காதீர்கள். மதிப்பெண் கொடுத்துவிட்டு, பக்கத்தில் ரொட்டி என்றும் எழுதிக் காட்டுங்கள். பொதுச்சொல்லும் அந்தப் பிள்ளைக்குத் தேவைதான்.

நடைமுறைக்கு வருவோம். பிசைவது, உப்புவது, அளப்பது வகுப்பறையில். நெருப்பு வேலை பிள்ளைகள் கையில் வேண்டாம். தலைமையாசிரியரிடம் சொல்லிவிட்டு, சத்துணவு மையத்தில் மதியச் சமையல் முடிந்தபின் சமையலர் அக்காவின் உதவியோடு செய்கிறோம். மணல் போட்ட குண்டானைக் கால் மணி நேரம் மூடிச் சூடேற்றி, இரண்டாம் முறை உப்பிய மாவை உள்ளே வைத்து, நாற்பது நாற்பத்தைந்து நிமிடம். எரிவாயு அடுப்பென்றால் மேலே கங்கு இருக்காது, அதனால் மேல்பக்கம் வெளிறியே இருக்கும், சுவைக்குக் குறையில்லை. வெந்ததா என்று பார்க்க டப்பாவிலிருந்து கவிழ்த்து அடிப்பக்கத்தை விரலால் தட்டுங்கள். காலிப் பெட்டி போலச் சத்தம் வர வேண்டும். சூடாக அறுக்கக் கூடாது, உள்ளே பிசுபிசுக்கும். ஒரு மணி நேரம் காத்திருக்க வைப்பதுதான் இந்தச் செயல்பாட்டிலேயே கடினமான பகுதி. ஒரு பாண் ஐம்பது ரூபாய்க்குள் முடியும். கோதுமை ஒத்துக்கொள்ளாத பிள்ளை இருக்கிறதா என்று முதலிலேயே கேட்டுவிடுங்கள். உடனடி ஈஸ்ட் 10 கிராம் பொட்டலமாகக் கிடைக்கிறது. பிரித்ததைக் காற்றுப் புகாத டப்பாவில் போட்டுக் குளிர்பெட்டியில் வையுங்கள், நம் ஊர் வெயிலில் வெளியே வைத்தால் வீணாகிவிடும். நுண்ணோக்கி இருந்தால், சர்க்கரைத் தண்ணீரில் அரை மணி நேரம் வைத்த ஈஸ்டில் ஒரு சொட்டு வைத்துப் பாருங்கள், மொட்டு விடுவது தெரியும்.

மணல், குண்டான் எல்லாம் எங்களால் முடியாது என்று சில பள்ளிகளில் சொல்கிறார்கள். அவர்கள் அதே மாவைச் சிறு உருண்டைகளாக்கி இட்லிக் கொப்பரையில் பதினைந்து நிமிடம் அவித்துவிடலாம். உப்பும், வேகும், சாப்பிடலாம். ஆனால் வெள்ளையாகவே இருக்கும், பாணின் மணமும் வராது. ஏன் சிவக்கவில்லை என்று பிள்ளைகள் கேட்பார்கள். ஆவி 100 டிகிரியைத் தாண்டுவதில்லை. மாவில் இருக்கும் சர்க்கரையும் புரதமும் சேர்ந்து சிவந்து மணக்க அதைவிட நல்ல சூடும் காய்ந்த மேற்பரப்பும் வேண்டும். தோசை சிவக்கிறது, இட்லி சிவக்காதது ஏன் என்று அவர்களிடமே திருப்பிக் கேட்டுவிட்டு, மறுநாள் வரை விடை சொல்லாமல் இருந்து பாருங்கள்.